மே 18 கூட்டம் நடத்தும் அண்ணன்மார்களுக்கு: அந்தப் படங்களைப் பேனரிலிருந்து எடுங்கள்

வணக்கம்.

கடலூரில் வருடா வருடம் மே 18 முள்ளிவாய்க்கால் நினைவேந்தல் நடத்துகிற அமைப்பு எது என்று பெயர் சொல்லி எழுதவில்லை. ஒரு அமைப்பைச் சொன்னால் மற்றவர்கள் "அது அவங்க" என்று ஒதுங்கிவிடுவீர்கள். கடலூர், சிதம்பரம், பாண்டிச்சேரி என்று எங்கே நடத்துகிறவர்களாக இருந்தாலும் சரி, எல்லோருக்கும்தான் இந்த மடல். முள்ளிவாய்க்காலில் என்ன நடந்தது என்று உங்களுக்கு நான் சொல்லித்தர வேண்டியதில்லை. 2009ல் ரோட்டில் இறங்கிப் போராடியவர்கள் உங்களில் இருக்கிறீர்கள், அந்த மரியாதை எனக்கு எப்போதும் உண்டு. நான் எழுதுவது உங்கள் பேனரைப் பற்றி.

இந்த முறை பஸ் ஸ்டாண்டிலிருந்து லாரன்ஸ் ரோட்டுக்கு வருகிற வழியில், எங்கள் தையல் கடைக்கு நேர் எதிரே கட்டினீர்கள். மேல் வரிசையில் தலைவர்கள், அடுத்த வரிசையில் மாவட்டப் பொறுப்பாளர்கள், அதற்குக் கீழே பண உதவி செய்தவர்கள். எல்லோருக்கும் கஞ்சி போட்ட வெள்ளைச் சட்டை, பெயருக்கு முன்னால் ஒரு பட்டம். நடுவில் மெழுகுவர்த்தி. அதன் கீழே, ஈழப்போரின் கடைசி நாள்களில் பிடிபட்டுக் கொல்லப்பட்ட ஒரு பெண்ணின் உடல், துணி இல்லாமல். யார் என்று உங்களுக்குத் தெரியும், பெயரை நான் எழுதப்போவதில்லை. ஓரமாகச் சின்னச் சின்னக் கட்டங்களில் அடையாளம் தெரியாத வேறு உடல்கள், அதிலும் பெண்கள். இத்தனை ஆண்கள் இருக்கிற பேனரில் ஒருவருக்குக்கூடச் சட்டைப் பொத்தான் திறந்திருக்கவில்லை, பெண்கள் மட்டும் இப்படி. டிசைன் செய்த தம்பி அவசரத்தில் கவனிக்கவில்லை என்றே வைத்துக்கொள்வோம். பார்த்து ஓகே சொன்னவர்களில் ஒருவருக்குமா உறுத்தவில்லை?

எங்கள் கடையில் வேலை செய்கிற அக்கா ஒருவர் மறுவாழ்வு முகாமிலிருந்து வருகிறார். எந்த முகாம் என்பது வேண்டாம், இந்த மாவட்டத்தில் ஒன்றுக்கு மேல் இருக்கிறது. 2006ல் சண்டை மறுபடி தொடங்கியபோது இரண்டு பிள்ளைகளோடு படகேறி ராமேஸ்வரம் வந்து இறங்கியவர். தங்கை வன்னியிலேயே நின்றுவிட்டாள். 2009 மே மாதம் வட்டுவாகல் பாலத்தைத் தாண்டி ராணுவத்திடம் போன கூட்டத்தில் அவள் இருந்தாளா, தாண்டாமலே போய்விட்டாளா, இன்று வரை யாருக்கும் தெரியாது. அக்கா செய்வது ஜாக்கெட்டுக்கு ஊக்கு வைப்பது, கை ஓரம் ஹெம்மிங், சேலைக்கு ஃபால்ஸ் அடிப்பது. ஊசியில் நூல் கோர்க்க வெளிச்சம் வேண்டும் என்று எப்போதும் வாசலோரம்தான் உட்காருவார். பேனர் வந்த மறுநாள் முக்காலியைத் தூக்கிக்கொண்டு உள்ளே போய்விட்டார். ஏன்க்கா என்றால் "வெயில்" என்றார்.

அப்புறம் ஒருநாள் காலையில், சாப்பாட்டுப் பையைக் கையில் பிடித்தபடி அந்தப் பேனருக்குக் கிட்டத்தில் போய் நின்றுகொண்டிருந்தார். நான் போய்க் கூப்பிட்டேன். "பெரிய படத்தில இருக்கிற பிள்ளையை எனக்குத் தெரியும் தங்கச்சி, டிவியில பாத்தனான். கரையில இருக்கிற சின்னப் படங்களைத்தான் பாக்கிறன். முகம் தெரியேல்லை, அதால காலைப் பாக்கிறன். அவளுக்கு இடது கால்ல சின்ன வயசில கிணத்தடியில விழுந்த தழும்பு ஒண்டு இருக்கு."

அண்ணன்மார்களே, பஸ்ஸிலிருந்து இறங்கி வேலைக்கு வருகிற ஒரு பெண்ணைத் தினமும் செத்த உடம்புகளின் காலில் தங்கையின் தழும்பைத் தேட வைத்தீர்கள். முகாமிலிருந்து வருகிறவர்களும் இதே பஸ் ஸ்டாண்டில்தான் இறங்குகிறார்கள் என்பது உங்களில் ஒருவருக்கும் தோன்றவில்லை.

பேனரில் போட்டிருந்த நம்பருக்குப் போன் செய்தேன். எடுத்தவர் மரியாதையாகத்தான் பேசினார். "உண்மையை மறைக்கச் சொல்றீங்களாக்கா? உலகம் பார்க்கட்டும்கா" என்றார். உலகம் லாரன்ஸ் ரோட்டில் ஜாக்கெட் தைக்க வருவதில்லை தம்பி என்று சொல்ல வாய் வந்தது, அதற்குள் வைத்துவிட்டார். அதனால் மிச்சத்தை இங்கே சொல்கிறேன்.

அந்தப் படத்தை எடுத்தது யார்? நம் ஆள் இல்லை, பத்திரிகைக்காரரும் இல்லை. கொன்ற பக்கத்துச் சிப்பாய்களே வெற்றிக் களிப்பில் செல்போனில் எடுத்து வைத்துக்கொண்டது. அவளை அசிங்கப்படுத்தவே எடுத்த படம் அது. பிரிட்டனின் சேனல் 4 டிவி அதை வெளியே கொண்டுவந்தபோது அது சாட்சியாகியது. சாட்சியம் போய்ச் சேர வேண்டிய இடங்கள் இருக்கின்றன. 2021 மார்ச்சில் ஐ.நா. மனித உரிமைப் பேரவை 46/1 தீர்மானம் போட்டதிலிருந்து, இலங்கையில் நடந்த குற்றங்களுக்கான ஆதாரங்களைத் திரட்டிப் பாதுகாக்க ஜெனீவாவில் தனிப் பிரிவே வேலை செய்கிறது. அங்கே அந்தப் படத்துக்கு வேலை உண்டு. மெழுகுவர்த்திக்கும் மாவட்டப் பொருளாளருக்கும் நடுவில் என்ன வேலை? சிப்பாய் எப்படிக் காட்ட நினைத்தானோ அப்படியே, பத்தடி உயரத்துக்குப் பெரிதாக்கி நீங்கள் காட்டுகிறீர்கள்.

படம் காட்டினால்தான் நீதி கிடைக்கும் என்று நினைப்பவர்கள் ருவாண்டா இனப்படுகொலை வழக்கைக் கொஞ்சம் பாருங்கள். 1998 செப்டம்பர் 2 அன்று, டாபா என்ற ஊரின் மேயராக இருந்த அகாயெசுவுக்கு எதிரான தீர்ப்பில்தான், பாலியல் வன்கொடுமையும் இனப்படுகொலைச் செயலாக முடியும் என்று ஒரு சர்வதேசத் தீர்ப்பாயம் முதன்முதலாகச் சொன்னது. நீதிபதிகள் மூவரில் ஒரே பெண் நவநீதம் பிள்ளை. டர்பனில் ஒரு பஸ் டிரைவர் மகளாகப் பிறந்த தமிழ்ப்பெண். பின்னாளில் ஐ.நா. மனித உரிமை ஆணையராகி 2013ல் இலங்கைக்கும் நேரில் போய்வந்தாரே, அவரேதான். அந்த வழக்கின் முதல் குற்றப்பத்திரிகையில் பாலியல் வன்கொடுமை என்ற குற்றச்சாட்டே கிடையாது. வேறு விஷயத்துக்குச் சாட்சி சொல்ல வந்த ஒரு பெண், தன் சின்ன மகளுக்கு என்ன செய்தார்கள் என்பதை நீதிமன்றத்தில் சொன்னார். அதுவரை அவரிடம் அதை யாரும் கேட்டதே இல்லை. அதன் பிறகுதான் விசாரணை திரும்பியது, குற்றப்பத்திரிகை திருத்தப்பட்டது. தீர்ப்பில் அந்தப் பெண்ணின் பெயர் "சாட்சி ஜே", அவ்வளவுதான். படம் இல்லை, ஊர் உலகத்துக்கு முகம் தெரியாது. உட்கார வைத்துக் காதுகொடுத்தார்கள், சட்டம் மாறியது.

மணிப்பூரில் பெண்களை நிர்வாணமாக நடத்திச் சென்ற வீடியோ வந்த பிறகுதானே கைது நடந்தது என்பீர்கள். உண்மைதான். 2023 ஜூலை 19ல் வீடியோ பரவியது, மறுநாள் முதல் கைது. ஆனால் புகார் மே 18 அன்றே சைக்குல் காவல் நிலையத்தில் பதிவாகிவிட்டது. தேதியைக் கவனியுங்கள், உங்களுக்குத் தெரிந்த தேதிதான். பெண்களுக்கு நடந்தது இரண்டு மாதம் காகிதத்தில் கிடந்தது. அவர்களை நிர்வாணமாக நாடே பார்த்த பிறகுதான் அந்தக் காகிதத்துக்கு உயிர் வந்தது. இதை ஒரு வழிமுறையாக எடுத்துக்கொள்ளப் போகிறோமா?

கிளிநொச்சி கந்தசாமி கோயில் முன்னால் 2017 பிப்ரவரி 20லிருந்து காணாமல் ஆக்கப்பட்டவர்களின் அம்மாக்கள் நடத்துகிற போராட்டத்தைப் பார்த்திருப்பீர்கள். அவர்கள் கையிலும் படம்தான் இருக்கிறது. பள்ளி யூனிஃபார்மில், கல்யாணச் சேலையில், ஸ்டுடியோவில் தலைசீவி உட்கார வைத்து எடுத்த படம். பிள்ளையை எப்படிக் காட்ட வேண்டும் என்று பெற்றவளுக்குத் தெரியாதா? உங்களிடம் நான் கேட்பதும் இதுதான். அந்தப் பெண்ணுக்கும் நல்ல படங்கள் இருக்கின்றன, செய்தி வாசித்தபோது எடுத்தவை. படம் வேண்டும் என்றால் அதைப் போடுங்கள். மற்றதை எடுங்கள்.

சட்டமும் ஒன்று இருக்கிறது. பாலியல் வன்கொடுமைக்கு ஆளானவரின் அடையாளத்தை வெளியிடுவது குற்றம், பழைய இந்திய தண்டனைச் சட்டத்தில் 228ஏ, இப்போது பாரதிய நியாய சன்ஹிதாவில் 72வது பிரிவு. இறந்துபோனவருக்கும் அந்த மரியாதை உண்டு, குடும்பத்தார் சம்மதித்தாலும் உரிய அனுமதியில்லாமல் வெளியிடக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் 2018 டிசம்பரில் சொல்லிவிட்டது. அதெல்லாம் இங்கே பதிவாகிற வழக்குக்கு என்று உங்கள் வக்கீல் சொல்வார். சொல்லட்டும். நம் ஊர்ப் பெண்ணாக இருந்தால் செய்ய மாட்டோம், ஈழத்துப் பெண் என்றால் செய்வோம் என்று மேடையில் ஏறிச் சொல்லுங்கள் பார்ப்போம், தொப்புள்கொடி உறவு என்று பேசுகிற அதே மைக்கில்.

மைக் என்றதும் இன்னொன்றும் சொல்லிவிடுகிறேன். கூட்டத்துக்கு நானும் வந்திருந்தேன். "எம் குலப்பெண்களின் மானம்" என்று எத்தனை பேர் எத்தனை முறை முழங்கினீர்கள். பாதிக்கப்பட்ட பெண்ணுக்கு ஒரு மாசும் இல்லை, மானம் போனது செய்தவனுக்கு என்று ஒருவர்கூடச் சொல்லவில்லை. முகாம் பெண்களை மெழுகுவர்த்தி ஏற்ற அழைத்தீர்கள், பேச அழைக்கவில்லை. அழைத்திருந்தால் உங்களுக்குச் சங்கடமானதும் வந்திருக்கும். 1987ல் இங்கிருந்து போன அமைதிப்படையைப் பற்றி அந்த ஊர்ப் பெண்கள் சொன்ன புகார்கள் எந்தப் பேனரில் இருக்கின்றன? 2019 குடியுரிமைத் திருத்தச் சட்டத்தில் இவர்களைச் சேர்க்காமல் விட்டார்களே, அதனால் இங்கேயே பிறந்த அக்காவின் பேரப்பிள்ளைகளுக்கும் ஒரு நாடு இல்லையே, அதற்கு எத்தனை பேனர் கட்டினீர்கள்? ஜெனீவாவில் இலங்கை பற்றிய தீர்மானங்களில் 2021லும் 2022லும் வாக்களிக்காமல் ஒதுங்கியது நம் நாடு. அந்த வாரங்களில் கடலூரில் ஒரு போஸ்டரைக்கூட நான் பார்க்கவில்லை. உயிரோடு இருக்கிற பெண்ணைக் கட்டி மாட்ட முடியாது, அவள் திரும்பிப் பேசுவாள், அதனால்தானோ என்னவோ.

கோபத்தில் எங்கேயோ போய்விட்டேன், மன்னியுங்கள். கேட்க வந்தது சின்ன விஷயம்தான்.

கூட்டம் முடிந்த அன்று இரவே நாற்காலி, மைக் செட், சீரியல் லைட் எல்லாம் வண்டி ஏறிவிட்டன. பேனர் மட்டும் அப்படியே நின்றது. காற்றில் ஒரு பக்கக் கயிறு அறுந்து தொங்கியதை, நுங்கு விற்கிற அண்ணன் அவிழ்த்துத் தன் வண்டிக்கு மேல் கூரையாகக் கட்டிக்கொண்டார். அவரைக் குற்றம் சொல்ல மாட்டேன், ஃப்ளெக்ஸ் கிடைத்தால் எல்லோரும் செய்வதுதான். அவராவது வெள்ளைப் பக்கம் வெளியே தெரிகிற மாதிரி திருப்பிக் கட்டியிருந்தார். நுங்கு வாங்கிக் குனிந்து சாப்பிட்டவர்கள் நிமிர்ந்தால்தான் மேலே அவள் இருப்பது தெரியும். நானும் பக்கத்துக் கடைக்காரரும் சேர்ந்து அவருக்குத் தார்ப்பாய் வாங்கிக் கொடுத்து அதைக் கழற்றிவிட்டோம். ஊருக்குள் இதே டிசைனில் வேறு எங்கெல்லாம் கட்டினீர்கள் என்று உங்களுக்குத்தான் தெரியும். தயவுசெய்து ஆள் அனுப்பி அவற்றை அவிழ்க்கச் சொல்லுங்கள், குப்பையில் போடாமல்.

வருகிற மே மாதத்துக்கான பேனர் பிரஸ்ஸுக்குப் போவதற்கு முன்னால் முகாம் பெண்கள் இரண்டு பேரிடமாவது காட்டுங்கள். வேண்டாம் என்று அவர்கள் சொன்னால் வேண்டாம். கொல்லப்பட்ட பெண்களின் உடல் படம் பேனரில், போஸ்டரில், வாட்ஸ்அப் ஸ்டேட்டஸில் எங்கேயும் இனி வராது என்று உங்கள் அமைப்பில் ஒரு முடிவாக எடுத்து அறிவியுங்கள். பணிவாகத்தான் கேட்கிறேன், அந்தப் படங்களை எடுங்கள்.

பதில் இருந்தால் எழுத்தில் தாருங்கள். போன் வேண்டாம், போனில் நீங்கள்தான் பேசுகிறீர்கள்.

இப்படிக்கு,
லாரன்ஸ் ரோட்டில் தையல் கடை வைத்திருக்கும் உங்கள் தங்கை,
கடலூர்.