அங்கி கொடுத்தவர் தகப்பன்

ஆசிரியருக்கு,

யோசேப்பின் கதையில் அண்ணன்மாரின் பொறாமையை மட்டும் பேசிவிட்டு, தகப்பன் யாக்கோபை விட்டுவிடுகிறோம். வேதாகமத்தின் முதல் புத்தகமான ஆதியாகமத்தின் 37ஆம் அதிகாரத்தைப் பொறுமையாகப் படியுங்கள். முதிர்வயதில் பிறந்த மகனென்று அவர் யோசேப்பை அதிகமாக நேசித்ததையும், அவனுக்குப் பலவருண அங்கி செய்வித்ததையும் சொன்ன பிறகே அண்ணன்மாரின் பகை வருகிறது. கனவுகள் அதற்கும் பின்னால்தான். அப்போது அவனுக்கு வயது 17.

தோத்தான் என்ற இடத்தில் தண்ணீரில்லாத குழியில் தம்பியைப் போட்டுவிட்டுச் சாப்பிட உட்கார்ந்தார்கள். 20 வெள்ளிக்காசுக்கு விற்றார்கள். வெள்ளாட்டுக்கடாவின் இரத்தத்தில் அங்கியைத் தோய்த்துத் தகப்பனுக்கு அனுப்பினார்கள். அண்ணன் ஏசாவின் உடையைப் போட்டு, ஆட்டுக்குட்டித் தோலைக் கைகளில் சுற்றிக்கொண்டு, பார்வை மங்கிய தன் தகப்பன் ஈசாக்கை ஏமாற்றியவர் இதே யாக்கோபு! தான் வளர்ந்த வீட்டில் பாரபட்சம் என்ன செய்தது என்று அவருக்குத் தெரியாதா?

யோசேப்பை விற்கலாம் என்று யோசனை சொன்னவன் அண்ணன்மாரில் ஒருவனான யூதா. பல ஆண்டு கழித்து, எகிப்தில் அதிபதியாகிவிட்ட யோசேப்பிடம், அவர் யாரென்று தெரியாமல் தானியம் வாங்க வருகிறார்கள் சகோதரர்கள். விருந்தில் கடைசித் தம்பி பென்யமீனுக்கு மட்டும் ஐந்து மடங்கு பரிமாறச் செய்கிறார் யோசேப்பு. பிறகு அவன் சாக்கில் வெள்ளிக் கோப்பையை வைக்கச் சொல்லி, "இவன் மட்டும் அடிமையாக இருக்கட்டும், நீங்கள் போகலாம்" என்கிறார். இன்னொரு செல்லத் தம்பியைக் கைவிட நல்ல வாய்ப்பு. யூதாவோ, அவனுக்குப் பதிலாகத் தன்னை வைத்துக்கொள்ளும்படி மன்றாடுகிறான்.

ஞாயிறு பள்ளியில் குழியிலிருந்து நேராக அரண்மனைக்குத் தாவாமல், 44ஆம் அதிகாரத்தையும் பிள்ளைகளுக்கு முழுதாக வாசித்துக் காட்ட வேண்டும்.

– வாசகர், பாளையங்கோட்டை