நுவாதிபுவிலிருந்து (மொரிட்டானியா, மேற்கு ஆப்பிரிக்கா) அக்காவுக்கு

அன்புள்ள அக்காவுக்கு,

உன் கடிதம் கிடைத்தது. அம்மாவுக்குக் கண் ஆபரேஷன் நல்லபடியாக முடிந்தது என்று படித்த பிறகுதான் எனக்குச் சோறு இறங்கியது. நான் நலம். பாலைவனம் என்றதும் நான் வெயிலில் வேகிறேன் என்று நினைக்கிறீர்கள், இங்கே தொல்லையெல்லாம் காற்றுதான், கடலும் குளிர்ந்த கடல் என்பதால் சாயங்காலமானால் ஸ்வெட்டர் வேண்டும். ஒரே பெரிய தட்டில் மீனும் சோறும் கொட்டி எல்லோரும் சுற்றி உட்கார்ந்து கையால் சாப்பிடுகிறோம், மணலும் கூடவே வரும்.

பக்கத்து வீட்டுப் பெரியவர் பழைய மீனவர். பேச மாட்டார், ஆனால் மூன்று கிளாஸ் டீ முடியாமல் எழுந்தால் கோபம் வந்துவிடும். போன லீவில் என்னைக் கப் பிளான் முனைக்குக் கூட்டிப்போனார். லைட்ஹவுஸுக்குக் கீழே வெகுநேரம் உட்கார்ந்தோம். கன்னங்கரேலென்று ஒரு தலை மேலே வந்தது, விறைப்பான மீசை, மூக்குத் துவாரம் இரண்டும் திறந்து ஒரு மூச்சு, உடனே இறுக மூடிக்கொண்டு உள்ளே போய்விட்டது. மத்தியதரைக்கடல் மாங்க் சீல், அதாவது ஒரு வகைக் கடல்நாய். புரண்டபோது வயிற்றில் வெள்ளைத் திட்டு தெரிந்தது. அந்தத் திட்டு ஒன்றுக்கொன்று வேறுபடுமாம், அதை வைத்துத்தான் ஆள் அடையாளம் சொல்கிறார்கள். உலகத்திலேயே ஆயிரம் போலத்தான் மிச்சம். 1997இல் இங்கே இரண்டே மாதத்தில் மூன்றில் இரண்டு பங்கு செத்து ஒதுங்கின. வைரஸ் என்கிறார்கள் சிலர், விஷப்பாசி என்கிறார்கள் சிலர். இப்போது மெல்லப் பெருகி வருகின்றன.

குட்டி போடுவது மேற்குக் கரைக் குகைகளில். அந்தப் பக்கம் பழைய சண்டையில் புதைத்த கண்ணிவெடி இருப்பதால் நாம் போக முடியாது. தாய் இரை தேடப் போனால் குட்டி தனியாகக் கிடக்கும், பெரிய அலை வந்தால் இழுத்துக்கொண்டு போய்விடும் என்று பெரியவர் கையாலேயே அலை மாதிரி காட்டினார். எனக்கு அதற்குமேல் அங்கே உட்கார முடியவில்லை அக்கா, அம்மா குரலைக் கேட்க வேண்டும் போல இருந்தது.

சரி, அதை விடு. இந்த மாதச் சம்பளம் கொஞ்சம் தள்ளித்தான் வரும், கணக்கு முடிக்கிறார்களாம், வேறொன்றுமில்லை. நகைக்கு வட்டி மட்டும் கட்டிவிடு, மாமாவிடம் சொல்ல வேண்டாம். தோப்பு விஷயத்தில் சித்தப்பா அவசரப்படுத்தினாலும் நான் வரும்வரை கையெழுத்துப் போடாதே. சின்னவன் ஃபீஸுக்குக் கடைசித் தேதி எப்போது என்று உடனே எழுது. அம்மா கண்ணில் சொட்டு மருந்து நேரத்துக்கு விடுகிறீர்களா?

அன்புடன்,
உன் தம்பி