பட்டு என்றே பதிந்துவிடலாமா?

பாங்காக்,
ஞாயிற்றுக்கிழமை

அன்புள்ள அக்காவுக்கு,

நலம், நலமறிய ஆவல். உன் கடிதம் கிடைத்தது. வித்யாவும் குழந்தையும் நன்றாக இருக்கிறார்கள் என்று படித்த பிறகுதான் மனசு நிம்மதியானது. ஆனால் பெயர்ச் சண்டை இவ்வளவு தூரம் போகும் என்று நான் நினைக்கவில்லை. ஆஸ்பத்திரியில் குழந்தையைக் கையில் வாங்கியதும் நீ "பட்டு" என்று கூப்பிட்டாய், அதுவே ஒட்டிக்கொண்டது. இப்போது மாப்பிள்ளை சர்டிபிகேட்டிலும் அதையே போடலாம் என்கிறார். சம்பந்தியம்மாவோ ரோகிணி நட்சத்திரத்து எழுத்தில் ஒரு முழுப் பெயர் வேண்டும் என்கிறார். "ஊரே விளையாட்டுப் பெயரில் நடமாடுகிற நாட்டில்தானே இருக்கிறாய், நீயே சொல்" என்று என் தலையில் கட்டிவிட்டாய். சரி, சொல்கிறேன். கொஞ்சம் சுற்றிவளைத்துத்தான் வருவேன்.

என் பாட்டுக்கு ஒரு குறையும் இல்லை. மழைக்காலம், சாயங்காலமானால் கொட்டித் தீர்க்கிறது. ஓன் நுட் பக்கம் அதே அறைதான், ரயிலில் பள்ளிக்கூடம் போய் வருகிறேன். அரிசிச் சோறு மூன்று வேளையும் கிடைக்கிற ஊரில் நமக்கென்ன கவலை.

பள்ளிக்கூடத்தில் வருகைப் பதிவேட்டை முதன்முதலில் கையில் வாங்கியபோது எனக்குத் தலை சுற்றியது. ஒவ்வொரு பெயரும் ஒரு முழம். குடும்பப் பெயர் அதற்கு மேல் இரண்டு முழம். பாதிக்கு மேல் நம் பக்கத்துச் சொற்கள்தான். விமலா இங்கே விமொன், ஆனந்த் இங்கே அனன். கோயில் அர்ச்சனைச் சீட்டு வாசிப்பது போல நான் மூச்சுப் பிடித்து வாசிக்க, பிள்ளைகள் யாருமே நிமிர்ந்து பார்க்கவில்லை. பக்கத்தில் இருந்த உதவி ஆசிரியை பெயருக்குப் பின்னால் அடைப்புக்குறிக்குள் இருந்த குட்டிச் சொல்லைக் காட்டினார். அதை வாசித்தேன். "மூ!" ஒரு கை உயர்ந்தது. "கொப்!" இன்னொரு கை. "குங்!" "மொட்!" சரசரவென்று முடிந்துவிட்டது. அப்புறம்தான் அர்த்தம் கேட்டுக்கொண்டேன். பன்றி, தவளை, இறால், எறும்பு. என் வகுப்பில் ஒரு பியரும் இருக்கிறான், குடிக்கிற பியர்தான். ஒரு பேங்க், ஒரு கோல்ஃப், ஒரு பென்ஸ். பியர் கணக்கில் கெட்டிக்காரன்.

இதற்கு 'ச்சூ லென்' என்று பெயர். விளையாட்டுப் பெயர் என்றே அர்த்தம். சர்டிபிகேட்டில் இருப்பது நிஜப் பெயர். நம் வீட்டிலும்தான் எல்லோருக்கும் ஒரு செல்லப்பெயர் இருக்கிறது, ஆனால் அது வாசற்படியைத் தாண்டாது. இங்கே அது ஆபீஸுக்கும் போகும், பேப்பரிலும் வரும். 2011-ல் பிரதமரான யிங்லக் ஷினவத்ராவின் செல்லப்பெயர் பூ. நமக்குத்தான் அது பூ, இவர்கள் மொழியில் நண்டு. நாட்டின் முதல் பெண் பிரதமரை நண்டு என்று பேப்பரில் எழுதினார்கள், அதில் கேலி ஒன்றும் இல்லை. அவருடைய அண்ணன் தக்சினுக்கு மேவ். யிங்லக்குக்குப் பிறகு ஆட்சிக்கு வந்த ராணுவத் தளபதி பிரயுத்தை எல்லோரும் 'டூ மாமா' என்றார்கள். வயதில் மூத்தவர்களை இங்கே 'பீ' என்ற சொல்லைச் சேர்த்துத்தான் கூப்பிட வேண்டும். நீ சிரிப்பாய் என்று தெரியும், நானும் சிரித்துக்கொண்டேதான் பழகினேன். இப்போது என்னையும் பிள்ளைகளைத் தவிர எல்லோரும் அப்படித்தான் கூப்பிடுகிறார்கள். எனக்கும் ஒரு செல்லப்பெயர் வேண்டும் என்று கேட்டபோது வீட்டில் கூப்பிடுகிற 'குட்டி'யைச் சொன்னேன். அவர்கள் காதுக்கு அது புத்த பிட்சு தங்குகிற குடிலாகக் கேட்கிறதாம். பரவாயில்லை என்று அதையே வைத்துக்கொண்டேன்.

போன மாதம் எங்கள் பள்ளி ஆசிரியை ஒருவருக்குக் குழந்தை பிறந்தது. அவரை நாங்கள் பீ மொட் என்போம், அதாவது எறும்பு அக்கா. நானும் இன்னும் இரண்டு ஆசிரியைகளும் பழக்கூடையோடு ஆஸ்பத்திரிக்குப் போனோம். வரவேற்பில் இருந்த பெண் நோயாளியின் பெயரைக் கேட்டாள். மொட் என்றோம். நிஜப் பெயர் என்றாள். மூன்று பேரும் ஒருத்தர் முகத்தை ஒருத்தர் பார்த்தோம். அவர்கள் இரண்டு பேரும் பீ மொட்டோடு பல வருஷம் ஒரே மேஜையில் சாப்பிட்டவர்கள், அவர்களுக்கே தெரியவில்லை. கடைசியில் பள்ளி அலுவலகத்துக்குப் போன் போட்டு, அங்கே ஒருவர் சம்பளப் பட்டியலைப் பார்த்துச் சொன்னார். வரவேற்பில் இருந்த பெண் கொஞ்சமும் ஆச்சரியப்படவில்லை. தினமும் நடக்கிறது போல.

உள்ளே போனால், குழந்தை நல்ல கொழுகொழு. "என்ன அழகு!" என்று சொல்ல நான் வாயெடுப்பதற்குள் கூட வந்தவர் குனிந்து பார்த்து "நா க்ளியட் நா சங்" என்றார். அசிங்கமாக இருக்கிறது, வெறுப்பாக இருக்கிறது என்று அர்த்தம். குழந்தையின் பாட்டி முகமெல்லாம் சிரிப்பு. அக்கா, எனக்கு அந்த இடத்திலேயே நம் ஊர்த் திருஷ்டிப் பொட்டு ஞாபகம் வந்துவிட்டது. அழகென்று சொன்னால் பேய் காதில் விழும், வந்து தூக்கிக்கொண்டு போய்விடும் என்பது இவர்கள் பயம். பன்றி, தவளை என்று கூப்பிடுவதற்கும் அதைத்தான் காரணமாகச் சொல்கிறார்கள். பன்றிக்குட்டிதானே என்று பேய் விட்டுவிட்டுப் போகுமாம்.

பாட்டி இன்னொன்றும் சொன்னார், அதைக் கேட்டபோது எனக்குக் கை சிலிர்த்தது. அந்தக் காலத்தில் பிறந்த குழந்தையை முறத்தில் கிடத்துவார்களாம். மருத்துவச்சி முறத்தைத் தூக்கி, "மூன்று நாள் பேயின் பிள்ளை, நாலாம் நாள் மனுஷப் பிள்ளை, யார் பிள்ளை இது, வந்து வாங்கிக்கொள்ளுங்கள்" என்று குரல் கொடுப்பாள். நெருங்கிய ஒரு பெண் முன்னால் வந்து ஒரு சின்னக் காசைக் கொடுத்துப் பிள்ளையை வாங்குவாள். விற்றாகிவிட்டது, பேய்க்கு இனி உரிமை இல்லை. நம் ஊரிலும் பிள்ளை தங்காத வீட்டில் இதைத்தானே செய்தார்கள்? குப்பைமேட்டில் ஒரு புரட்டுப் புரட்டி எடுத்துக் குப்பன், குப்பம்மாள் என்று வைத்தார்கள். மடிப்பிச்சை வாங்கிப் பிச்சை என்று வைத்தார்கள். மூக்கைக் குத்தி மூக்கன், மூக்காயி என்றார்கள். "உன்னைத் தவிட்டுக்குத்தான் வாங்கினோம்" என்று பெரியவர்கள் நம்மைச் சீண்டுவார்களே, அதுவும் இந்த முறம் பக்கத்துச் சமாசாரம்தான். பேய்க்குக் கண்ணில் மண்ணைத் தூவுவதில் இரண்டு ஊரும் ஒரே கட்சி.

ஆனால் ஒரு வித்தியாசம் உண்டு. நாம் குப்பம்மாளை அப்படியே ரேஷன் கார்டு வரைக்கும் கொண்டுபோனோம், பிறகு வெட்கப்பட்டு நிறுத்திவிட்டோம். இவர்கள் பேய்க்கு ஒரு பெயர், சர்க்காருக்கு ஒரு பெயர் என்று கணக்கைப் பிரித்துவிட்டார்கள்.

இந்தப் பிரிவினை எப்படி வந்தது என்று எங்கள் பள்ளியின் சரித்திர வாத்தியாரைக் கேட்டேன், அவர் விட்டால் விடியும் வரை பேசுவார். முன்பெல்லாம் சாதாரண ஜனங்களுக்கு ஒற்றைச் சொல்தான் பெயர். சிவப்பு, கறுப்பு, பெரியவன், சின்னவன், அவ்வளவுதான். ஒட்டிப் பிறந்து உலகப் புகழ் பெற்ற சயாமிய இரட்டையர்கள் 1811-ல் இங்கே சமுத் சொங்க்ராமில் பிறந்தவர்கள். அவர்கள் பெயர் இன், சன். குடும்பப் பெயரே கிடையாது, அமெரிக்கா போய்த்தான் பங்கர் என்று ஒன்றை வைத்துக்கொண்டார்கள். வடமொழிப் பெயரெல்லாம் ராஜாக்களுக்கு. 1292-ஆம் ஆண்டைச் சேர்ந்ததாகச் சொல்லப்படும் சுகோதாய்க் கல்வெட்டில் ராஜா தன்னைப் பற்றிச் சொல்லிக்கொள்கிறார்: அப்பா பெயர் ஸ்ரீ இந்திராதித்யர், அம்மா பெயர் சுவெங், அண்ணன் பெயர் பான் முவாங். பட்டம் சூடிய அப்பாவுக்கு நம் பக்கத்துப் பெயர், அம்மாவுக்கு உள்ளூர்ச் சொல்லில் பெயர்.

1913-ல் ஆறாம் ராமா மன்னர் எல்லோருக்கும் குடும்பப் பெயர் வேண்டும் என்று சட்டம் போட்டார். ஒரு குடும்பத்தின் பெயரை இன்னொரு குடும்பம் வைக்கக் கூடாது. அதனால் பின்னால் வந்தவர்கள் பெயரை நீட்டிக்கொண்டே போக வேண்டியதாயிற்று, என் பதிவேட்டின் கதை அங்கே ஆரம்பித்ததுதான். நிஜப் பெயரும் மெல்ல மெல்ல ராஜா வீட்டுப் பாணிக்கு மாறியது. பழைய ஒற்றைச் சொல் வீட்டுக்குள் போய் உட்கார்ந்துகொண்டது. இந்த நகரத்துக்கே அப்படித்தான். அதன் முழுப்பெயரைச் சொல்லி முடிக்க ஒரு நல்ல மூச்சு வேண்டும், ஜனங்கள் வாயில் அது வெறும் குருங் தேப்.

நிஜப் பெயருக்கு இங்கே கெடுபிடி அதிகம். பிறந்த 15 நாளுக்குள் பதிய வேண்டும். ராஜா ராணி பெயரை ஒட்டி வைக்கக் கூடாது, கொச்சையான அர்த்தம் கூடாது. அதற்கு மேல் ஜோசியம். சம்பந்தியம்மா இங்கே பிறந்திருந்தால் கொண்டாடியிருப்பார். பிறந்த கிழமைக்கு ஆகாத எழுத்துக்கள் என்று ஒரு பட்டியல் உண்டு. திங்கட்கிழமைக்கு எந்த உயிர்க்குறியுமே ஆகாது. பீ மொட்டின் பிள்ளை திங்கட்கிழமை! மெய்யெழுத்துக்களை மட்டும் கோத்து ஒரு பெயர் தேடிப் பாட்டி விகாரத்துப் பிட்சுவிடம் போய் வந்தார். நரோங் என்று வைத்திருக்கிறார்கள்.

செல்லப்பெயருக்கு இந்தத் தொல்லை ஒன்றும் இல்லை. கர்ப்பத்தில் தர்பூசணியாகச் சாப்பிட்டாளாம், அதனால் பிள்ளை தெங் மோ. தர்பூசணி என்று அர்த்தம். மூத்தவன் பெயர் சொம், ஆரஞ்சு. 2007-ல் கலாச்சார அமைச்சகம் ஆங்கிலச் செல்லப்பெயர்கள் பெருகுகின்றன என்று கவலைப்பட்டுப் பழைய தாய் மொழிப் பெயர்களைத் தொகுத்துப் புத்தகம் போடப் பார்த்தது. என் வகுப்பைப் பார்த்தால் அதை யாரும் சட்டை செய்ததாகத் தெரியவில்லை. 2024 ஜூலையில் சொன்புரி பக்கத்து மிருகக்காட்சிசாலையில் ஒரு குள்ள நீர்யானைக் குட்டி பிறந்ததே, உன் போனிலும் வந்திருக்கும், அதற்கு ஜனங்களிடம் ஓட்டெடுத்து மூ டெங் என்று வைத்தார்கள். துள்ளும் பன்றி. அதன் கூடப்பிறந்ததுகளில் சிலவற்றுக்கும் பன்றிக்கறிப் பதார்த்தங்களின் பெயர்தான்.

சரி, விஷயத்துக்கு வருகிறேன். பட்டு என்று பதிய வேண்டாம்.

பெயர் மட்டம் என்பதற்காகச் சொல்லவில்லை. நரி மிரளும் தலை என்று பெயர் வாங்கிய நரிவெரூஉத்தலையார் பாட்டெழுதிய மொழியில் எந்தப் பெயரும் மட்டம் இல்லை. சர்டிபிகேட்டில் ஏறிவிட்டால் அது விளையாட்டுப் பெயராக இருக்காது, அவ்வளவுதான். பரீட்சை ஹாலில், பேங்க் வரிசையில், கோபக்கார வாத்தியார் வாயில் எல்லாம் "பட்டு" என்று கேட்டுக் கேட்டு அவளுக்கு அது சாதாரணப் பெயராகிவிடும். அப்புறம் வீட்டில் கொஞ்சுவதற்கு நீயே இன்னொன்று கண்டுபிடிப்பாய். செல்லம்மா என்று முன்னோர்கள் நேரடியாகவே வைத்துப் பார்த்தார்கள். எனக்குத் தெரிந்த செல்லம்மாக்கள் எல்லோருக்கும் வீட்டில் வேறு செல்லப்பெயர் இருக்கிறது.

மாப்பிள்ளைக்கு மனசு கேட்கவில்லை என்றால் இதைச் சொல். டி.கே. பட்டம்மாளுக்கு வைத்த பெயர் அலமேலு. வீட்டில் கூப்பிட்ட பட்டாதான் மேடையேறிப் பட்டம்மாள் ஆனது. நம் பட்டுவும் பெரிய ஆளானால் அந்தப் பெயர் தானாக வெளியே வரும். வராவிட்டால் வீட்டுக்குள் நமக்கே நமக்கு இருந்துவிட்டுப் போகட்டும். எப்படியும் நஷ்டமில்லை.

ரோகிணிக்கு ஓ, வ, வி, வு தானே? வானதி என்று வைக்கலாம். மூன்றெழுத்து, சுருக்கத் தேவையில்லை, சம்பந்தியம்மாவும் மறுக்க மாட்டார். வேறு நல்லதாகத் தோன்றினாலும் சரி, மூன்று நான்கு எழுத்துக்கு மேல் போகாதே. முழ நீளப் பெயரை வாசிக்கிற கஷ்டம் எனக்குத் தெரியும். அவசரமும் வேண்டாம். பிறப்பை 21 நாளுக்குள் பதிந்துவிட்டால் போதும், பெயரை ஒரு வருஷம் வரை கட்டணமில்லாமல் சேர்க்கலாம். அதுவரை எல்லோரும் நிதானமாகச் சண்டை போடுங்கள்.

நவராத்திரிக்கு சீலோம் மாரியம்மன் கோயிலுக்குப் போவேன், அவள் பெயரில் அர்ச்சனை பண்ண வேண்டும். அதற்குள் ஏதாவது ஒரு பெயர் முடிவானால் தெரியப்படுத்து. குழந்தைக்கு மெல்லிய பருத்திச் சட்டைகள் வாங்கி வைத்திருக்கிறேன், தீபாவளிக்கு ஊர் வருகிறவர்களிடம் கொடுத்தனுப்புகிறேன். வித்யாவை வேளாவேளைக்குச் சாப்பிடச் சொல்.

இந்தக் கடிதத்தை மாப்பிள்ளையிடம் அப்படியே படித்துக் காட்டாதே. பட்டு வேண்டாம் என்பதை நீ சொன்னதாகச் சொல், வானதியை நான் சொன்னதாகச் சொல். அடுத்த லீவுக்கு நான் அந்த வீட்டில் வந்து சாப்பிட வேண்டும்.

அன்புடன்,
உன் தங்கை
கௌரி