களிமண் பூதம் பார்த்த கதை

அன்புள்ள நண்பா,

உன் கடிதம் வந்து மூன்று வாரம் ஆகிறது. கண்புரை ஆபரேஷன் முடிந்து இப்போதுதான் படிக்க விட்டார்கள். டாக்டர் சரி என்றதும் முதல் வேலையாக ஒரு ஊமைப்படம் பார்த்தேன். பேரன் தலையில் அடித்துக்கொண்டான்.

1920இல் வந்த 'கோலெம்' என்ற ஜெர்மன் படம். பிராக் நகரத்து யூதர்களைக் காப்பாற்ற ஒரு ராபி (யூத மதகுரு) களிமண்ணில் உருவாக்கும் பூதத்தின் கதை. கார்ல் போசெயோடு சேர்ந்து இயக்கி, பூதமாகவும் நடித்தவர் பவுல் வேகெனர். கனத்த உடம்பு, அகன்ற கன்னம், இடுங்கிய கண். வாசலில் ஒரு சின்னப் பெண் அந்தப் பூதத்திடம் ஆப்பிளை நீட்டுகிறாள். அது அவளைத் தூக்கிக்கொள்கிறது, அவள் விளையாட்டாக அதற்கு உயிர் கொடுக்கும், நெஞ்சிலிருக்கும் நட்சத்திரத்தைப் பிடுங்குகிறாள், அவ்வளவுதான், சாய்ந்துவிடுகிறது. அதற்குச் சற்று முன் அந்த மண் முகத்தில் ஒரு சிரிப்பு வரும் பார், அதற்காகவே இரண்டாம் முறை பார்த்தேன்.

இந்த வேகெனர் சட்டம் படித்ததைப் பாதியில் விட்டுவிட்டு நாடகத்துக்கு வந்தவர். 1906இல் பெர்லினில் மாக்ஸ் ரைன்ஹார்ட் என்ற நாடக இயக்குநரின் குழுவில் சேர்ந்தார். நாடகக்காரர்கள் சினிமாவை மட்டமாக நினைத்த காலத்தில், 1913இல் 'பிராக் மாணவன்' படத்தில் நடித்தார். 38 வயதில் மாணவன் வேடம்! நம் ஊர் நாயகர்களை நாம் எவ்வளவு கிண்டல் செய்திருப்போம்?

அதில் ஏழை மாணவன் தன் கண்ணாடிப் பிம்பத்தைப் பொன்னுக்கு விற்கிறான். கேமராமேன் குய்டோ சீபர் லென்ஸில் ஒரு பாதியை மறைத்துப் படம்பிடித்து, பிலிமைத் திருப்பிச் சுற்றி, மறுபாதியில் மறுபடி எடுத்தார். வேகெனர் தன்னையே எதிரில் பார்க்கிறார். மேடையில் இதைச் செய்ய முடியாது, சினிமாவின் இடம் இங்கேதான் என்று அவருக்குப் பிடிபட்டது அப்போதுதான். படத்தின் உண்மையான கவிஞன் கேமராதான் என்று 1916இல் ஒரு உரையிலேயே சொன்னார். கோலெம் கதையும் அந்தப் பிராக் படப்பிடிப்பில் காதில் விழுந்ததுதான். 1915இலேயே ஒரு தடவை எடுத்தார், அதில் இன்று துண்டுகள்தான் மிச்சம்.

எலிபிடிக்கும் குழலூதியின் கதையை 1918இல் எடுத்தபோது நிஜ எலிகள் சொன்ன பேச்சைக் கேட்கவில்லை. கடைசியில் மர எலிகளைக் கொஞ்சம் கொஞ்சமாக நகர்த்திப் படம்பிடித்தார்கள். அதில் கைகொடுத்த சின்னப் பெண் லோட்டே ரைனிகர், பிற்பாடு நிழலுருவப் படங்களால் பெயர் வாங்கியவர்.

அப்புறம் நீ சும்மா விடமாட்டாய் என்று தெரிந்த விஷயம். யூதப் பழங்கதையைப் படமாக்கிய இதே மனிதர் நாஜி காலத்தில் ஜெர்மனியைவிட்டுப் போகவில்லை. 1945இல் வந்த 'கோல்பெர்க்' பிரச்சாரப் படம் வரை நடித்தார். அதே ஆண்டு செப்டம்பரில், போர் முடிந்து பெர்லினின் டாய்ச்சஸ் தியேட்டர் நாடக அரங்கு மறுபடி திறந்தபோது, நாஜிகள் தடைசெய்திருந்த, லெஸ்ஸிங் என்ற பழைய ஜெர்மன் எழுத்தாளரின் நாடகத்தில் நாதான் என்ற யூத ஞானியாக மேடையேறியவரும் இவர்தான். 1948இல் அதே வேடத்தில் மேடையில் மயங்கி விழுந்து, செப்டம்பரில் இறந்துபோனார். எனக்கு அவர்மேல் கோபமும் வருகிறது, அந்தச் சிரிப்பும் மறக்கவில்லை. பிம்பத்தை விற்றவன் கதையை அவரே நடித்தாரே என்று நீ ஆரம்பிப்பாய். ஆரம்பி, நேரில் பேசுவோம்.

படத்தைப் பென்டிரைவில் போட்டு அனுப்புகிறேன். தங்கச்சியை முழங்காலைப் பார்த்துக்கொள்ளச் சொல். மாடிப்படி வேண்டாம்.

உன் பழைய ரூம்மேட்