அப்பா கையில் வேன் சாவியைக் கொடுக்காதே

பாப்பா,

குரல் பதிவு போட்டால் அப்பா பக்கத்தில் உட்கார்ந்துகொண்டு நடுநடுவே திருத்தம் சொல்லுவார், அதனால் எழுதுகிறேன். டிசம்பரில் கோயம்புத்தூரிலிருந்து சம்பந்தி இரண்டு பேரும் வரும்போது ஒரு வேனை வாடகைக்கு எடுக்கலாம், அப்பா ஓட்டட்டும், பினாங்குத் தீவை ஒரு சுற்றுச் சுற்றி கடற்கரையெல்லாம் காட்டிவிடலாம் என்று கேட்டிருந்தாய். வேண்டாம். எங்கள் கல்யாண நாளுக்கு நீ அங்கிருந்தே பதிவு செய்து கொடுத்தாயே, எட்டுப் பேர் மட்டும் போகிற ஒரு நாள் பயணம், அதையே அவர்களுக்கும் போட்டுவிடு, நாங்களும் கூட வருகிறோம். அன்றைக்கு நாலைந்து படம் அனுப்பியதோடு சரி, விவரமாக எதுவும் சொல்லவில்லை. இப்போது சொல்கிறேன், கேள்.

முதலில் ரோடு. பத்து பெரிங்கி தாண்டியதும் ஒரு பக்கம் மலை, ஒரு பக்கம் கடல், ரோடு வளைந்து வளைந்து போகும், உனக்கே தெரியும், சின்ன வயதில் அங்கேதான் உனக்கு வாந்தி வரும். ஓட்டுகிறவர் கடலைப் பார்த்தால் எல்லாரும் கடலில்தான் போய் நிற்போம். சரி, அப்படியே கஷ்டப்பட்டு தெலுக் பஹாங் வரைக்கும் போனாலும் அங்கே இருக்கிற ரவுண்டானாவோடு கடலோர ரோடு முடிந்தது. அதற்கு மேல் அணைக்கட்டுப் பக்கம் திரும்பி, மலையேறி, பாலிக் புலாவில் இறக்கிவிடும். தீவின் வடமேற்கு மூலைக்கு ரோடே கிடையாது. நடக்க வேண்டும், இல்லையென்றால் படகு பிடிக்க வேண்டும். நல்ல கடற்கரையெல்லாம் அந்த மூலையில்தான் இருக்கிறது. வேனில் ஒரு சுற்று வந்தால் சம்பந்தி பார்க்கப்போவது ஹோட்டல் சுவரும் வாகன நெரிசலும்தான்.

இரண்டாவது காரணம் உன் அப்பா. நம் வீட்டில் எங்கே போனாலும் அவர் ஸ்டீரிங்கில், நான் பக்கத்தில் வண்டி நிறுத்த இடம் தேடிக்கொண்டு, பின்னால் நீயும் தம்பியும் ஜன்னலுக்குச் சண்டை போட்டுக்கொண்டு. கேமரன் மலைக்கு எத்தனை தடவை போயிருப்போம், அவர் பார்த்தது எல்லாம் முன்னால் போன லாரியின் முதுகை மட்டும்தான். மெல்பர்னில் மாப்பிள்ளை எங்களை கிரேட் ஓஷன் ரோட்டுக்குக் கூட்டிப் போனாரே, அதுவும் இதே கதைதான். முதல் உலகப் போரிலிருந்து திரும்பிய சிப்பாய்கள் 1919இல் தொடங்கி 1932 வரை வெட்டிப் போட்ட ரோடு, 243 கிலோமீட்டர், நான் வாயைப் பிளந்து பார்த்துக்கொண்டு வந்தேன், அவர் பாவம் வளைவை எண்ணிக்கொண்டு வந்தார். பன்னிரண்டு அப்போஸ்தலர் பாறைக்கு முன்னால் நின்றது கொஞ்ச நேரம், வண்டியில் இருந்தது நாள் முழுக்க. இரவு சாப்பாட்டுத் தட்டின் முன்னாலேயே தூங்கி விழுந்தார். சொந்தக்காரர்களை ஏற்றிக்கொண்டு ஓட்டுவதும் விருந்து வைப்பதும் ஒன்று, சமைத்தவருக்குச் சாப்பாடு இறங்காது.

நீ பதிவு செய்து கொடுத்த இந்தப் பயணத்தில் அப்பா வண்டியில் ஏறி, என் தோளில் சாய்ந்து, ஜன்னல் வழியாகக் கடலைப் பார்த்துக்கொண்டு வந்தார். பத்து பெரிங்கியில் கடல் இவ்வளவு கிட்டவா இருக்கிறது என்று என்னிடம் கேட்டார். எத்தனை வருஷமாக இந்த ரோட்டில் போய் வருகிற மனிதர்!

நாளைப் பற்றிச் சொல்கிறேன். கோம்தார் கட்டடத்தில் ஏற்றிக்கொள்கிறோம் என்று சொன்ன வேன் ரொம்ப நேரம் கழித்துத்தான் வந்தது. நாங்கள் பசியாறிவிட்டு இரண்டாவது தே தாரிக்கும் குடித்து முடித்துவிட்டோம். வண்டியில் ஏற்கெனவே ஒரு ஜெர்மன் தம்பதி, ஈப்போவிலிருந்து மூன்று சீனப் பெண்கள், ஜொகூர்க்காரர் ஒருத்தர். வழிகாட்டி தெலுக் பஹாங் மீன்பிடிக் கிராமத்துப் பையன், மலாய்க்காரத் தம்பி, கழுத்தில் பச்சை அட்டை. சுற்றுலா அமைச்சு கொடுக்கிற உரிமம் அது. நீலம் என்றால் பொது வழிகாட்டி, பச்சை என்றால் காடு, கடல் மாதிரி குறிப்பிட்ட இடத்துக்கு. நீ பதிவு செய்யும்போது அட்டை உள்ள ஆள்தான் வருகிறாரா என்று கேட்டு எழுதி வாங்கிக்கொள், இல்லாதவர்களும் கூட்டிப் போகிறார்கள்.

வழியில் நம் சிங்கமுகக் காளியம்மன் கோயிலைப் பற்றிப் பேச்சு வந்தது. மாசி மகத்துக்குத் தெப்பம் விடுவார்களே, அந்தத் தம்பி சின்னப் பையனாக இருந்தபோது கரையில் நின்று விளக்கு மிதப்பதைப் பார்ப்பானாம். அதற்கப்புறம் அப்பாவும் அவனும் ஒட்டிக்கொண்டார்கள். எனக்கு “அம்மா, பெலான் பெலான்”, மெதுவா மெதுவா என்று நாள் முழுக்கச் சொல்லிக்கொண்டே வந்தான்.

நாங்கள் நடந்த அந்த வடமேற்கு மூலைக் காடு 2003இல்தான் தேசியப் பூங்கா ஆனது, அதற்கு முன்னால் பந்தாய் ஆச்சே வனக் காப்பகம். கடற்பரப்பையும் சேர்த்து சுமார் 2,500 ஹெக்டர். தேசியப் பூங்கா என்றதும் பெரிதாக நினைத்துக்கொள்ளாதே, சின்னதுதான், ஆனால் பெயர் எழுதிவிட்டுத்தான் உள்ளே விடுகிறார்கள். கொஞ்ச தூரத்தில் ஒரு தொங்கு பாலம், அங்கே வழி பிரியும். கடலை ஒட்டிப் போனால் தெலுக் டுயோங், அதுதான் குரங்குக் கடற்கரை, அதற்கு மேலே மூக்கா ஹெட் கலங்கரை விளக்கம், 1883இல் வெள்ளைக்காரன் கட்டியது. இன்னொரு வழி மேட்டைத் தாண்டி பந்தாய் கெராச்சுட் போகும். நாங்கள் கெராச்சுட்டுக்கு நடந்து போய் அங்கிருந்து படகில் திரும்பினோம்.

தண்ணீர்மலையின் 513 படி வேறு, இது வேறு. அங்கே படி ஒரே உயரம், பிடித்துக்கொள்ளக் கம்பி, மேலே முருகன். இங்கே மர வேர்தான் படி, சில இடத்தில் முழங்கால் உயரத்துக்கு எட்டி வைக்க வேண்டும், ஈரமாக இருந்தால் வழுக்கும். ஒன்றரை மணி நேரம் நடந்தோம். எட்டுப் பேர் என்பதன் அருமை இங்கேதான் தெரிந்தது. நான் மூச்சு வாங்கி நின்றால் எல்லாரும் நிற்பார்கள், நிற்கிற நேரத்தில் தம்பி எதையாவது காட்டுவான். அப்படி நின்றபோதுதான் கண்ணாடி போட்ட மாதிரி கண்ணைச் சுற்றி வெள்ளை வட்டமுள்ள கருங்குரங்கைப் பார்த்தோம், மடியில் குட்டி, குட்டி மட்டும் மஞ்சளும் ஆரஞ்சுமாக! பிறக்கும்போது அந்த நிறமாம், வளர வளரக் கறுத்துவிடுமாம். எங்களுக்குப் பின்னால் நாற்பது பேர் கொண்ட ஒரு கூட்டம் ஒலிபெருக்கியோடு வந்தது. அவர்கள் எதையும் பார்த்திருக்க மாட்டார்கள், சத்தம் கேட்டே குரங்கெல்லாம் ஓடியிருக்கும்.

கெராச்சுட் போய்ச் சேரும் இடத்தில் ஒரு ஏரி. மேலே ஓடைத் தண்ணீர், அடியில் கடல் தண்ணீர், உப்புத் தண்ணீர் கனம் என்பதால் கீழேயே கிடக்கும், இரண்டும் கலக்காது. மழைக் காலத்தில்தான் நிறைந்திருக்கும், வெயில் மாதங்களில் வெறும் சேறு. நாங்கள் போனபோது பாதி ஏரி, பாதி சேறு. படத்தில் பார்த்து ஆசைப்பட்டு வந்த ஜெர்மன்காரருக்கு முகம் விழுந்துவிட்டது. சம்பந்தியிடம் இதைப் பற்றிப் பெரிதாகச் சொல்லி வைக்காதே.

அப்புறம் ஆமைக் காப்பகம். ஏப்ரல் தொடங்கி ஆகஸ்ட் வரை பச்சை ஆமை கரையேறி முட்டையிடும், ஒரு தடவைக்கு நூறு முட்டை போல. அவற்றைத் தோண்டி எடுத்து வேலிக்குள் புதைத்துக் காக்கிறார்கள், குஞ்சு வர ஏறக்குறைய இரண்டு மாதம். மணல் சூடாக இருந்தால் பெண், குளிர்ச்சியாக இருந்தால் ஆண் என்று தம்பி சொன்னதும், உலகம் சூடாகிக்கொண்டே போனால் மாப்பிள்ளை கிடைக்காதே என்றார் அப்பா, ஈப்போப் பெண்கள் விழுந்து விழுந்து சிரித்தார்கள். வளர்ந்த ஆமை பிறந்த கரைப் பக்கமே தேடி வரும் என்றும் தம்பி சொன்னான். அதை உடனே உனக்கு அனுப்ப வேண்டும் என்று அப்பா போனை எடுத்தார். பிள்ளையை ஏன் அழ வைக்கிறீர்கள் என்று பிடுங்கி வைத்துவிட்டேன்.

அந்தக் கரையில் குளிக்க முடியாது, இதை மாப்பிள்ளையிடம் இப்போதே சொல்லிவிடு. ஜெல்லி மீன் உண்டு, அடி இழுப்பும் உண்டு, பலகையே வைத்திருக்கிறார்கள். பார்க்க மட்டும்தான் கடல். தாழம்புதர் ஓரமாக உட்கார்ந்து பார்த்தோம், பார்த்துக்கொண்டே இருக்கலாம், கட்டடம் ஒன்றுகூடக் கண்ணில் படாத கரையைப் பினாங்கில் வேறு எங்கே பார்ப்பாய்? சாயங்காலமானால் அகாஸ் கடிக்கும், கண்ணுக்கே தெரியாத பூச்சி, ஒரு வாரத்துக்குச் சொறிய வேண்டும். முழுக்கால் சட்டை போட்டு வரச் சொல்.

தம்பி அங்கே சுனாமியைப் பற்றியும் பேசினான். 2004 டிசம்பர் 26, உனக்கும் நினைவிருக்கும், ஞாயிற்றுக்கிழமை. மலேசியாவில் இறந்த 68 பேரில் 52 பேர் நம் பினாங்கில். கடல் திடீரென்று உள்வாங்கினால் நின்று வேடிக்கை பார்க்காதீர்கள், பையை எடுக்காதீர்கள், பின்னால் இருக்கிற மேட்டில் ஏறுங்கள் என்று எந்த வழியாக ஏறுவது என்பது வரைக்கும் காட்டினான். நீங்கள் வருவதும் அதே டிசம்பர் கடைசி என்பதால் சொல்கிறேன், பயமுறுத்த இல்லை. இப்படிச் சொல்லித் தருகிற ஆளோடு போவதுதான் எனக்கு நிம்மதி.

படகு சின்னது, கடல் அடங்கி இருந்ததால் சுகமாக இருந்தது. தண்ணீரில் இறங்கித்தான் ஏற வேண்டும், புடவை சரிப்படாது. அலை அதிகமாக இருந்தால் படகு வராது, வந்த வழியே நடந்துதான் திரும்ப வேண்டும். அப்படி ஆனால் மாற்று ஏற்பாடு என்ன, பணம் திரும்பக் கிடைக்குமா என்று முன்கூட்டியே கேள். சம்பந்தி ஐயாவுக்கு முட்டி வலி என்றாயே, அவருக்குப் போகும்போதும் படகு வேண்டும். அவரோடு அப்பாவும் படகில் வரட்டும், இரண்டு பேருக்கும் பேச நிறைய இருக்கும், நாம் நடக்கலாம்.

திரும்பும் வழியில் பார்த்த குரங்குக் கடற்கரையைப் பற்றிச் சொல்ல ஒன்றுமில்லை, கூட்டம், குப்பை, ஜொகூர்க்காரரின் ரொட்டியைக் குரங்கு பிடுங்கிக்கொண்டு போனது, அவ்வளவுதான்.

சாப்பாடு நாசி லெமாக் பொட்டலம், தேங்காய்ப்பால் சோறும் மிளகாய்ச் சம்பலும் முட்டையும். இங்கேதான் கவனம் வேண்டும். சம்பந்தி சைவம், சம்பலில் பெலாச்சான் இருக்கும், அது இறால் விழுது, முட்டையை எடுத்து ஓரமாக வைத்துவிட்டால் சைவம் ஆகிவிடாது. சைவம் என்று பதிவில் எழுதினால் சில பேர் சம்பலோடுதான் கொடுக்கிறார்கள். நான் புளிச்சோறும் உருளைக்கிழங்கு வறுவலும் கட்டிக்கொள்கிறேன், எட்டுப் பேருக்கும் சேர்த்தே கட்டிவிடலாம். பாலிக் புலாவில் லக்சா சாப்பிட நிறுத்துவார்கள், அந்த நூடுல்ஸ் குழம்பும் மீன்தான். அங்கே அவர்களுக்கு ஜாதிக்காய்ச் சாறு வாங்கிக் கொடுப்போம். டுரியான் கேட்டால் அது ஜூன், ஜூலையில் வா என்று சொல்லிவிடு.

எட்டு இடத்தில் நாம் ஆறு பேர், மீதி இரண்டு இடம் யாராவது வரட்டும், முழு வண்டியையும் நமக்கே எடுக்காதே. வெளி ஆள் இரண்டு பேர் கூட இருந்தால் அப்பாவும் சம்பந்தி ஐயாவும் அரசியல் பேச மாட்டார்கள், உன் மாமியாரும் நானும் யார் பரிமாறுவது என்று தடுமாற மாட்டோம்.

வருஷக் கடைசியில் இடம் சீக்கிரம் போய்விடும், தேதி முடிவானதும் எனக்கு மட்டும் செய்தி அனுப்பு, வீட்டுக் குழுவில் போடாதே. சம்பந்தி அம்மாவிடம் அடிப்பக்கம் வழுக்காத சப்பாத்து இருக்கிறதா என்று கேட்டு, இல்லையென்றால் அளவை வாங்கி அனுப்பு, நான் இங்கே பார்த்து வைக்கிறேன்.

அம்மா