கொலையாளி யாரென்று சொல்லாத விளையாட்டு

ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம்.

விடுமுறையில் பிள்ளைகள் விளையாட ஏற்ற வீடியோ கேம்கள் என்று உங்கள் ஞாயிறு இணைப்பில் ஒரு முழுப் பக்கம் வந்திருந்தது. துப்பறியும் விளையாட்டுகளைப் பற்றியும் அதில் ஒரு பத்தி. தடயங்களை ஒவ்வொன்றாகச் சேர்த்துக்கொண்டே போனால் கடைசியில் உண்மை வெளிவந்துவிடும், பிள்ளைகளுக்கு யோசிக்கும் பழக்கம் வரும் என்று எழுதியிருந்தீர்கள். சர்வீஸ் காலத்தில் பெரும்பகுதி செஷன்ஸ் கோர்ட்டில் பெஞ்ச் கிளார்க்காக இருந்தவன் நான். தடயம் சேரச் சேரக் கேஸ் கட்டு தடிமனாகும், அது நிச்சயம். உண்மை வெளிவந்ததா என்று கேட்டால், தீர்ப்பு வந்தது என்றுதான் பல வழக்குகளில் என்னால் சொல்ல முடியும்.

இதை அப்படியே காட்டுகிற விளையாட்டு ஒன்று உண்டு. 'பென்டிமென்ட்' என்று பெயர். அமெரிக்காவின் அப்சிடியன் நிறுவனம் உருவாக்கி 2022 நவம்பரில் வெளிவந்தது. இயக்கியவர் ஜோஷ் சாயர், கல்லூரியில் வரலாறு படித்தவர். என் தங்கை மகன் லேப்டாப்பில் ஏற்றிக் கொடுத்துவிட்டு, "மாமா, இதுல சண்டை கிடையாது, பேச்சுதான். உங்களுக்குச் சரியா இருக்கும்" என்றான். உங்கள் பக்கத்தில் அதன் பெயரே இல்லாததால்தான் இந்தக் கடிதம்.

கதை நடப்பது ஜெர்மனியின் பவேரியாவில், ஆல்ப்ஸ் மலையடிவாரத்தில், டாஸிங் என்ற கற்பனைக் கிராமத்தில். வருடம் 1518. மார்ட்டின் லூதர் கத்தோலிக்கத் திருச்சபையைக் கேள்வி கேட்டுத் தம் கருத்துகளை வெளியிட்டு ஒரு வருடம்கூட ஆகவில்லை. மடங்களில் எல்லாரும் ஒருவரை ஒருவர் ஓரக்கண்ணால் பார்க்கிற காலம். நியூரம்பெர்க்கிலிருந்து வந்த ஆண்ட்ரியாஸ் மாலர் என்ற இளம் ஓவியன் ஒரு குடியானவர் வீட்டில் தங்கிக்கொண்டு, கீர்சாவ் மடத்தின் ஏட்டறையில் பட ஏடுகளுக்கு வண்ணம் தீட்டுகிறான். அச்சுப் புத்தகம் வந்து அந்தத் தொழிலே படுத்துவிட்ட நேரம். மடத்துக்கு வந்த பிரபு ஒருவர் அங்கேயே கொலையாகிறார். பிணத்தின் பக்கத்தில் கிடைத்தவர் வயதான பியரோ சாமியார், ஆண்ட்ரியாஸுக்குக் குரு மாதிரி. அவர் செய்திருக்க மாட்டார் என்பது இவனுக்குத் தெரியும். மேலிடத்திலிருந்து விசாரணைக்கு ஆள் வருவதற்குள் வேறொருவரைக் காட்டியாக வேண்டும்.

காட்டியாக வேண்டும் என்பதைக் கவனியுங்கள். சந்தேகத்துக்கு இடமான ஆட்களாக ஒரு விதவை, ஒரு கல்தச்சர், ஒரு கன்னியாஸ்திரீ, மடத்தில் பொறுப்பில் உள்ள ஒரு துறவி என்று சிலர் இருக்கிறார்கள். ஒவ்வொருவருக்கும் காரணமும் இருக்கிறது, வாய்ப்பும் இருக்கிறது. ஆனால் எல்லாரையும் விசாரித்து முடிக்க நேரம் தருவதில்லை. பொழுது இங்கே வழிபாட்டு வேளை, சாப்பாட்டு வேளை என்றுதான் நகர்கிறது. ஒருவர் பின்னால் போய் ஒரு காரியத்தைச் செய்து முடித்தால் அந்த வேளை போச்சு. இன்னொருவரிடம் கேட்க நினைத்தது கேட்காமலே நின்றுவிடும். கடைசியில் கையில் இருப்பதை வைத்து ஒரு பெயரைச் சொல்கிறோம். ஊர் கூடி நிற்க, தண்டனை நிறைவேறுகிறது. சரியான ஆள்தானா என்று விளையாட்டு சொல்வதே இல்லை. ஏழு வருடம் கழித்து அதே ஊருக்குத் திரும்பி வரும்போது, செத்தவரைச் சேர்ந்தவர்கள் அங்கேதான் இருக்கிறார்கள். சிலர் முகம் கொடுத்துப் பேசுவார்கள், சிலர் பேச மாட்டார்கள். நான் யாரைக் காட்டினேன் என்பதை இங்கே எழுதப்போவதில்லை. விளையாடுகிறவர்கள் அவரவரே முட்டி மோதட்டும்.

அந்தக் காலத்துச் சட்டத்தைப் பற்றி ஒரு வார்த்தை. ஐந்தாம் சார்லஸ் பேரரசர் பெயரில் 'கரோலினா' என்ற குற்றவியல் சட்டம் வந்தது 1532இல். மரண தண்டனை விதிக்க வேண்டுமானால் குற்றவாளி தானே ஒப்புக்கொள்ள வேண்டும், அல்லது கண்ணால் பார்த்த நல்ல சாட்சிகள் இரண்டு பேராவது வேண்டும் என்பது அதன் அடிப்படை. சந்தர்ப்ப சாட்சியத்தை மட்டும் வைத்துத் தலையை எடுக்க முடியாது. கேட்க நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் சந்தர்ப்ப சாட்சியம் பலமாக இருந்தால் சித்திரவதை செய்து விசாரிக்கலாம் என்றும் அதே சட்டம் வழிவிட்டது. அப்புறம் ஒப்புதல் வாக்குமூலம் வராமல் என்ன செய்யும்! கதை இதற்கும் பதினாலு வருடம் முந்தியது. அங்கே விசாரணை அதிகாரிக்குச் சீக்கிரம் வேலையை முடித்துக்கொண்டு கிளம்ப வேண்டும், மடாதிபதிக்கு மடத்தின் பெயர் கெடக்கூடாது. சந்தேகத்தின் பலனைக் குற்றம் சாட்டப்பட்டவருக்குத் தரலாம் என்று பேச அங்கே ஆளில்லை.

ஆண்ட்ரியாஸ் எப்படிப்பட்டவன் என்பதை முதலிலேயே நாம்தான் முடிவு செய்கிறோம். எந்த ஊர்களில் சுற்றினான், பல்கலைக்கழகத்தில் என்ன படித்தான், புத்தகப் புழுவா, உல்லாசப் பேர்வழியா என்று கேட்கிறது. சட்டம், மருத்துவம், இறையியல் மூன்றில் ஒன்று எடுக்க வேண்டும். நான் எதை எடுத்திருப்பேன் என்று சொல்லத் தேவையில்லை. எடுத்ததைப் பொறுத்துப் பேச்சில் சில கதவுகள் திறக்கும், சில திறக்காது. ஒருவரை இணங்கவைக்க வேண்டிய கட்டம் வரும்போது, அவரிடம் முன்பு நாம் பேசியதையெல்லாம் விளையாட்டு கணக்குப் பார்க்கிறது. என்றைக்கோ வாய்க்கொழுப்பில் சொன்ன ஒரு கிண்டல் அன்றைக்கு நம் பக்கம் நிற்காது. அரசுத் தரப்பின் முதல் சாட்சி முதல் விசாரணையில் சொன்னதை எடுத்துக் குறுக்கு விசாரணையில் வக்கீல் நீட்டுவதைப் பார்த்தே பழகியவனுக்கு இது மிகவும் பிடித்துப்போனது.

எனக்கு இன்னும் பிடித்த இடம் எழுத்து. யாருக்கும் குரல் கொடுக்கவில்லை; பேச்செல்லாம் எழுத்தாகத்தான் வருகிறது, பேனா காகிதத்தில் கீறுகிற சத்தத்தோடு. மடத்துச் சாமியார்கள் பேசினால் கறுத்துத் தடித்த பழைய ஏட்டெழுத்து. குடியானவர்கள் பேசினால் கிறுக்கல், நடுவில் ஒரு எழுத்துப் பிழை விழுந்து அது கண்முன்னே திருத்தப்படும். படித்தவர்களுக்கு இத்தாலிய பாணியில் நறுக்கென்ற கையெழுத்து. ஊரில் அச்சகம் நடத்தும் குடும்பம் வாய்திறந்தால் ஈய எழுத்துகள் கோத்து வந்து நின்று, ஒரே அழுத்தில் பதிகின்றன. கோபத்தில் பேசினால் மை தெறிக்கிறது. கடவுள் பெயர் வரும் இடத்தை வெற்றாக விட்டு, வாக்கியம் முடிந்தபின் சிவப்பு மையில் நிரப்புகிறார்கள்.

இதில் ஒரு நுட்பம் இருக்கிறது. அந்த எழுத்து ஆண்ட்ரியாஸின் மனதில் இருப்பது. எதிரில் நிற்பவர் எழுதப் படிக்கத் தெரியாதவர் என்று அவன் நினைத்தால் கிறுக்கலாக வரும். பேச்சுவாக்கில் அவர் புத்தகம் படிப்பவர் என்று தெரிந்த மறுகணம், அதே ஆளின் எழுத்து மாறிவிடுகிறது. முதல் தடவை அதைப் பார்த்தபோது விளையாட்டை நிறுத்திவிட்டுக் கொஞ்ச நேரம் உட்கார்ந்திருந்தேன். கூண்டில் ஏறுகிறவரின் சட்டையையும் செருப்பையும் பார்த்தே கோர்ட்டில் பாதிப் பேர் எடைபோட்டுவிடுவார்கள். நானும் அந்த அறையில்தான் இருந்தேன்.

சாப்பாட்டையும் சொல்ல வேண்டும். வேளைக்கு ஒரு வீட்டில் உட்கார்ந்து சாப்பிடலாம். மேசையில் இருப்பதை ஒவ்வொன்றாக எடுத்துச் சாப்பிடச் சாப்பிடப் பேச்சு நகர்கிறது. ஏழை வீட்டில் ரொட்டியும் கூழும், வசதியான வீட்டில் இறைச்சியும் மதுவும். யார் யாருக்கு எவ்வளவு என்பதைக் கண்ணால் பார்த்தே தெரிந்துகொள்ளலாம். அதற்கென்று வசனம் கிடையாது. எத்தியோப்பியாவிலிருந்து வந்த செப்ஹாட் என்ற துறவி கிராமத்துப் பிள்ளைகளுக்கு வேதக் கதை சொல்லும் காட்சியில் திரையே எத்தியோப்பிய ஓவியப் பாணிக்கு மாறிவிடுகிறது. அந்தக் காலத்து ரோமில் எத்தியோப்பியத் துறவிகள் தங்க ஒரு தனி இடமே இருந்தது என்பதால் இது இட்டுக்கட்டிய விசித்திரமும் அல்ல.

இரண்டாம் பகுதி நடக்கும் 1525 ஜெர்மன் விவசாயிகள் கிளர்ந்தெழுந்த வருடம். மெம்மிங்கன் நகரில் அவர்கள் வகுத்த பன்னிரண்டு கோரிக்கைகள் அச்சேறி நாடெங்கும் பரவின. காட்டில் விறகு எடுக்க, ஆற்றில் மீன் பிடிக்க, தங்கள் போதகரைத் தாங்களே தேர்ந்தெடுக்க, அடிமைநிலை ஒழிய என்று கேட்டார்கள். பிரபுக்களின் படை அடித்து நொறுக்கியது. ஒரு லட்சம் பேர் வரை மாண்டிருக்கலாம் என்பது வரலாற்றாசிரியர்களின் கணிப்பு. மடம் வரியைக் கூட்டிக் காட்டை அடைத்தால் ஒரு சிற்றூரில் என்ன நடக்கும் என்பதை விளையாட்டு அந்த ஊருக்குள் இருந்தே காட்டுகிறது. மூன்றாம் பகுதியைப் பற்றிச் சொன்னால் சுவை போய்விடும்.

குறைகளும் உண்டு. மெதுவாகத்தான் போகும். இந்தக் கோடிக்கும் அந்தக் கோடிக்கும் நடந்து நடந்தே சலிப்பு வந்துவிடும். மூன்றாம் பகுதியில் முடிச்சு கொஞ்சம் நெகிழ்ந்துவிடுகிறது என்பது என் அபிப்பிராயம். தங்கை மகன் ஒத்துக்கொள்ளவில்லை. எல்லாவற்றையும் விடப் பெரிய குறை, தமிழில் இல்லை. ஆங்கிலத்தில் சரளமாகப் படிக்கத் தெரியாதவர்களுக்கு நாலு வரியிலேயே அலுத்துவிடும். அந்தப் பழைய எழுத்துகள் கண்ணைப் படுத்தினால் எளிய எழுத்துக்கு மாற்றிக்கொள்ள வசதி இருக்கிறது. தெரியாத பெயர்களின் கீழ் கோடிட்டிருக்கும். அதைத் தொட்டால் ஏட்டின் ஓரத்தில் படத்தோடு விளக்கம் வரும்.

சிறு பிள்ளைகளுக்கு இதைச் சிபாரிசு செய்ய மாட்டேன். கொலையும் மரண தண்டனையும் மறைக்காமல் வருகின்றன, பாலியல் கொடுமை பற்றிய பேச்சும் உண்டு. பிளஸ் டூ தாண்டியவர்களுக்கு, முக்கியமாகச் சட்டக் கல்லூரியில் சேரப்போகிறவர்களுக்கு, தாராளமாகச் சொல்லலாம்.

உங்களிடம் கேட்பது இதுதான். சினிமாவுக்கு வாராவாரம் விமர்சனம் போடுகிறீர்கள், புத்தகங்களுக்கும் இடம் ஒதுக்குகிறீர்கள். வீடியோ கேம் என்றால் மட்டும் ஒன்று பெற்றோருக்கு எச்சரிக்கை, இல்லாவிட்டால் விலைப்பட்டியல். எழுதியவர்கள் பெயர், கதை நடக்கும் காலம், எங்கே நன்றாக இருக்கிறது, எங்கே சறுக்குகிறது என்று ஒரு நாவலுக்கு எழுதுகிற மாதிரியே மாதம் ஒன்றையாவது விளையாடிப் பார்த்து எழுதச் சொல்லுங்கள். இந்த விளையாட்டின் முடிவில், துணைநின்ற வரலாற்று நூல்களின் பட்டியலையே போட்டிருக்கிறார்கள். எழுதுகிறவருக்கு அங்கிருந்தே தொடங்கலாம்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற நீதிமன்ற ஊழியர்,
பாளையங்கோட்டை.