மேரியில் நடந்த கல்யாணம்

சான் தெனி,
ஞாயிறு இரவு

அன்புள்ள தோழிக்கு,

உன் கடிதம் வந்து பத்து நாள் ஆகிறது. கல்யாண வேலையில் பதில் எழுத முடியவில்லை. நேற்று சின்னவளின் கல்யாணம் மேரியில் நல்லபடியாக முடிந்தது. வந்தவர்கள் எல்லாம் இன்று மாலை கிளம்பினார்கள். பாத்திரங்களைக் கழுவிக் கவிழ்த்துவிட்டு உன் கடிதத்தை மறுபடி எடுத்துப் படித்தேன். "ரெண்டு வீட்டுக்கும் பொதுவா ரெஜிஸ்டர் ஆபீஸ்ல முடிச்சுக்கலாம்னு பையன் சொல்லிட்டான். இருக்கிறது ஒரே பிள்ளை, அவன் கல்யாணம் வெறும் கையெழுத்தோட போகுதே" என்று எழுதியிருக்கிறாய். போன வாரமாக இருந்தால் நானும் உன்னோடு சேர்ந்து வருத்தப்பட்டிருப்பேன். நேற்றைக்குப் பிறகு அப்படித் தோன்றவில்லை. ஏன் என்று சொல்கிறேன்.

மேரி என்றால் உனக்குத் தெரியும். புதுச்சேரிக் கடற்கரைச் சாலையில் நாம் சுண்டல் பொட்டலத்தோடு உட்கார்ந்திருப்போமே, அங்கே நிற்கும் பெரிய கட்டடம். 2014 மழையில் அது இடிந்து விழுந்தபோது நீதான் முதலில் போன் செய்தாய். பிரான்ஸில் ஒவ்வொரு ஊருக்கும் இப்படி ஒரு மேரி, அதாவது நகராட்சி அலுவலகம், உண்டு. சட்டப்படி கல்யாணம் என்றால் அங்கே நடப்பது மட்டும்தான். கோயிலோ சர்ச்சோ அதற்குப் பிறகு, விருப்பப்பட்டவர்களுக்கு. மேரியில் கல்யாணம் முடிந்த சான்றைப் பார்க்காமலேயே தாலி கட்டிவைப்பதை ஒரு குருக்கள் வழக்கமாக வைத்திருந்தால், ஆறு மாதம் வரை சிறை, 7,500 யூரோ வரை அபராதம். அதனால்தான் எங்கள் குருக்களும் "முதல்ல மேரி பேப்பரைக் கொண்டு வாங்கோ" என்று சொல்லிவிட்டார். தாலி கட்டுவது அடுத்த ஞாயிறு.

சம்பந்தி அம்மா யாழ்ப்பாணத்துக்காரர். அவர்கள் இதை "எழுத்து" என்பார்கள். "மேரியில எழுத்துத்தானே, ஒரு கால் மணித்தியால வேலை. தாலி கட்டுறதுதான் கலியாணம்" என்று மாதக்கணக்காகச் சொல்லிக்கொண்டிருந்தார். நானும் தலையாட்டிக்கொண்டிருந்தேன். நேற்றுக்குப் பட்டுப்புடவை வேண்டாம், சாதாரணப் புடவை போதும் என்றுகூட எடுத்து வைத்திருந்தேன். சின்னவள்தான் முகம் வாடி, "அம்மா, நாளைக்குத்தான் எனக்குக் கல்யாணம்" என்றாள். அரக்குப் பட்டைக் கட்டிக்கொண்டு போனேன். அவள் அப்பா கடைசியாக வாங்கித் தந்தது.

காகிதங்களைப் பற்றி எழுத ஆரம்பித்தால் இந்தக் கடிதம் போதாது. அவள் பிறந்தது புதுச்சேரி ஜிப்மர் ஆஸ்பத்திரியில், மாப்பிள்ளை பிறந்தது யாழ்ப்பாணத்தில். அவன் மூன்று வயதில் அகதியாக வந்து, பெரியவனானதும் இந்த நாட்டுக் குடியுரிமை பெற்றவன். வெளிநாட்டில் பிறந்த பிரெஞ்சுக் குடிமக்களின் பிறப்புப் பதிவெல்லாம் நான்த் என்கிற ஊரில் இருக்கும் ஒரே அலுவலகத்தில் இருக்கிறது. இரண்டு பேருமே அந்த ஊரைப் பார்த்ததில்லை. ஆனால் இருவருடைய பிறப்புச் சான்றும் அங்கிருந்துதான் தபாலில் வந்தது. ஒரு பழைய தாளில் அவள் பெயரின் ஓர் எழுத்து மாறியிருந்ததால் மூன்று வாரம் அலைந்தோம். அதை விடு.

கல்யாணம் செய்துகொள்ளப் போகிறவர்களின் பெயர்களை முன்கூட்டியே பலகையில் ஒட்டும் பழக்கம் இங்கேயும் உண்டு, பத்து நாளுக்கு. உங்கள் கடலூரில் முப்பது நாள் ஒட்டுவார்கள், ஊரே படிக்கும் என்று நீ கூசிப்போய் எழுதியிருக்கிறாய். வீட்டை எதிர்த்துக் கிளம்பும் பிள்ளைகளுக்கு அந்த முப்பது நாள் உயிருக்கே ஆபத்தாக முடிகிறது. அது எனக்குக் கோபம்தான். ஆனால் உன் பையனுக்கு அந்தப் பயம் இல்லையே. அந்தப் பெண் வீட்டில் மதம் மாறச் சொல்லவில்லை, நீங்களும் சொல்லவில்லை. இரண்டு வீடும் சம்மதித்த கல்யாணத்தை ஊர் படித்தால் படிக்கட்டும். நான் இங்கே பஸ் ஏறிப் போய்ப் பலகையில் அவர்கள் பெயரைப் பார்த்துவிட்டு வந்தேன். பத்திரிகை அச்சடித்து வந்த அன்றைக்கு இருக்குமே ஒரு சந்தோஷம், அதேதான்.

எங்கள் மேரி, பிரான்ஸ் அரசர்களைப் புதைத்த பெரிய பசிலிக்கா தேவாலயத்துக்குப் பக்கத்திலேயே இருக்கிறது. முன்பெல்லாம் பிறப்பு, கல்யாணம், சாவு எல்லாவற்றையும் எழுதிவைத்தது பங்குச் சாமியார்தான். புரட்சியின்போது, 1792 செப்டம்பர் 20 அன்று போட்ட சட்டத்தில் அந்தப் பதிவேட்டை ஊராட்சியின் கைக்கு மாற்றினார்கள். அடுத்த வருஷமே இந்தப் பசிலிக்காவிலிருந்த அரசர்களின் கல்லறைகளைத் தோண்டினார்கள். தினமும் கறிகாய்ப் பையோடு கடக்கிற இடம். நேற்று மகளின் கையைப் பிடித்துக்கொண்டு அந்தச் சதுக்கத்தில் நின்றபோதுதான், அன்று கைமாறிய பதிவேட்டில் இவள் பெயரும் ஏறப் போகிறது என்று உறைத்தது.

சனிக்கிழமை என்பதால் வரிசையாகக் கல்யாணங்கள். எங்களுக்கு முன்னால் ஓர் அல்ஜீரியக் குடும்பம் குலவையிட்டுக்கொண்டே இறங்கி வந்தது. நம் ஊர்க் குலவை மாதிரியேதான் இருந்தது. எங்கள் முறை வந்து உள்ளே போய் உட்கார்ந்தோம். மூலையில் மரியான் சிலை, பிரெஞ்சுக் குடியரசின் சின்னமான பெண் உருவம். கதவைச் சாத்தவில்லை. சாத்தக் கூடாதாம். ஆட்சேபம் உள்ளவர் யாரும் உள்ளே வந்து சொல்லலாம் என்பதற்காகத் திறந்தே வைக்க வேண்டும் என்று பக்கத்திலிருந்தவர் சொன்னார். நீலம், வெள்ளை, சிவப்புப் பட்டையைத் தோளில் குறுக்கே அணிந்து துணை மேயர் வந்தார். நாற்பது வயதுப் பெண்.

மாப்பிள்ளையின் அப்பம்மா என் பக்கத்தில் இருந்தார். எண்பத்தாறு வயது, பிரெஞ்சு ஒரு சொல் தெரியாது. துணை மேயர் சட்டப் புத்தகத்தைப் பிரித்து வாசிக்கத் தொடங்கியதும் என் முழங்கையைத் தொட்டு, "இந்தப் பிள்ளை என்ன வாசிக்குது?" என்றார். நான் அவர் காதில் மெதுவாகத் தமிழில் சொல்லிக்கொண்டே போனேன். கணவனும் மனைவியும் ஒருவருக்கொருவர் மரியாதை, விசுவாசம், உதவி, துணை கொடுக்கக் கடமைப்பட்டவர்கள். குடும்பத்தை நடத்துவது இரண்டு பேரும் சேர்ந்து. பிள்ளைகளின் படிப்பையும் எதிர்காலத்தையும் இருவரும் பார்க்க வேண்டும். செலவை அவரவர் வசதிக்கு ஏற்றபடி தாங்க வேண்டும். சேர்ந்து வாழ வேண்டும்.

முப்பத்திரண்டு வருஷமாக இந்த ஊரில் இருக்கிறேன். எத்தனையோ மேரிக் கல்யாணத்துக்குப் போயிருக்கிறேன். அந்த வரிகள் காதில் விழுந்திருக்கின்றன, மனசில் விழுந்ததில்லை. நேற்று என் வாயாலேயே தமிழில் சொல்லும்போது தொண்டை அடைத்துக்கொண்டது. அப்பம்மா கொஞ்ச நேரம் பேசவில்லை. அப்புறம், "எங்கட கலியாணத்திலயும் இப்பிடி ஒருத்தர் எங்களுக்கு விளங்கிற மாதிரி வாசிச்சிருந்தால் நல்லாயிருந்திருக்கும், பிள்ளை" என்றார். என் கல்யாணத்தை நினைத்துக்கொண்டேன். கெட்டிமேளம் நினைவிருக்கிறது, புகை நினைவிருக்கிறது, அவர் கை நடுங்கியது நினைவிருக்கிறது. யார் எனக்காக என்ன வாக்குக் கொடுத்தார்கள் என்று இன்றுவரை எனக்குத் தெரியாது.

அந்த வரிகளும் சும்மா வந்துவிடவில்லை. 1804 இல் நெப்போலியன் காலத்தில் எழுதிய சட்டத்தில், கணவன் மனைவிக்குப் பாதுகாப்புத் தர வேண்டும், மனைவி கணவனுக்குக் கீழ்ப்படிய வேண்டும் என்றுதான் இருந்தது. அந்தக் கீழ்ப்படிதலை எடுக்க 1938 வரை ஆனது. "மரியாதை" என்கிற சொல்லைச் சேர்த்ததோ 2006 இல்தான், வீட்டுக்குள் அடி வாங்கும் பெண்களுக்காகக் கொண்டுவந்த சட்டத்தோடு. இன்று வரிசையில் அதுதான் முதல் சொல்.

பிறகு பெயர் சொல்லிக் கேட்டார்கள். மாப்பிள்ளை உடனே "வுய்", அதாவது ஆம், என்றான். இவள் ஒரு விநாடி எடுத்துக்கொண்டாள். திரும்பி என்னைப் பார்த்தாள், அவனைப் பார்த்தாள், கூடம் முழுக்கக் கேட்கிற மாதிரி "வுய்" என்றாள். சட்டத்தின் பெயரால் நீங்கள் கணவன் மனைவி என்று துணை மேயர் அறிவித்தார். அந்த இடத்தில் கல்யாணம் முடிந்துவிட்டது. அதற்கப்புறம்தான் பேனாவை எடுத்துக் கொடுத்தார்கள். அவர்களும் சாட்சிகளும் கையெழுத்துப் போட்டார்கள். குடும்பப் புத்தகத்தைக் கையில் கொடுத்தார்கள். பிரெஞ்சுப் படையில் சொல்தாவாக இருந்த என் அப்பா டிரங்குப் பெட்டியில் துணி சுற்றி வைத்திருப்பாரே, நாங்கள் பிறந்த தேதியெல்லாம் எழுதிய புத்தகம், அதே மாதிரி. பிள்ளைகளுக்கான பக்கங்கள் காலியாக இருந்தன.

நான் சொல்ல வந்தது இதுதான். நீ கையெழுத்து என்கிறாய், சம்பந்தி அம்மா எழுத்து என்கிறார். கல்யாணம் நடந்தது வாய்ச்சொல்லில். கையெழுத்து, நடந்ததற்கு அத்தாட்சி.

கடலூரிலும் அப்படித்தான். உன் கடிதத்தைப் படித்த கையோடு வக்கீல் தம்பியிடம் போனில் கேட்டேன். அவன் 1954 ஆம் வருஷத்துச் சிறப்புத் திருமணச் சட்டத்தின் 12 ஆம் பிரிவை அனுப்பினான். கல்யாணத்தை அவர்கள் விரும்புகிற எந்த முறையிலும் நடத்திக்கொள்ளலாம். ஆனால் திருமண அலுவலர் முன்னால், மூன்று சாட்சிகள் முன்னால், "உன்னை என் சட்டப்படியான மனைவியாக ஏற்றுக்கொள்கிறேன்" என்று அவனும், "கணவனாக ஏற்றுக்கொள்கிறேன்" என்று அவளும் சொன்னால்தான் அது செல்லும். இருவருக்கும் புரிகிற எந்த மொழியிலும் சொல்லலாம் என்று சட்டமே சொல்கிறது. தமிழில் சொல்லலாம்! கூடுதல் கட்டணம் கட்டினால், நியாயமான தூரத்துக்குள் வேறு இடத்திலும் நடத்தித் தருவதற்கு வழி இருக்கிறது. முன்கூட்டியே போய்க் கேளுங்கள். ஆபீசில்தான் என்றாலும் பரவாயில்லை. கூட்டம் நெருக்குகிறது, அடுத்த ஆள் நிற்கிறார் என்று அந்த வரியை முணுமுணுத்துவிட்டு எழுந்துவிடக் கூடாது. நின்று, முகம் பார்த்து, சத்தமாகச் சொல்லச் சொல். ஒரு நிமிஷம் ஆகுமா?

உனக்கு இது புதிதும் இல்லை. உன் அப்பா அம்மா ஐயர் இல்லாமல், உறுதிமொழி படித்து மாலை மாற்றிக்கொண்டவர்கள்தானே? உங்கள் வீட்டுக் கூடத்தில் கண்ணாடி போட்டு மாட்டியிருந்த அந்த உறுதிமொழித் தாளை நான் எத்தனை தடவை நின்று படித்திருக்கிறேன்! அவர்களுக்குக் கல்யாணமாகிச் சில வருஷம் கழித்து, 1967 இல் அண்ணா முதலமைச்சராக இருந்தபோதுதான் சுயமரியாதைத் திருமணம் செல்லும் என்று சட்டம் வந்தது. ஏற்கெனவே நடந்தவையும் செல்லும் என்றார்கள். அதுவரை உன் அம்மாவை "தாலி கட்டாதவ" என்று பேசினார்கள் என்று நீயே அழுதிருக்கிறாய். அந்த வீட்டுப் பேரனுடைய கல்யாணத்தை நீ "வெறும்" என்று எழுதலாமா?

மூன்று சாட்சியில் ஒரு சாட்சியாக நீ போய் நில். மகன் சொல்வதைக் காதால் கேட்டுவிட்டுக் கையெழுத்துப் போடு. அந்தப் பெண்ணின் அம்மாவையும் இன்னொரு சாட்சியாகக் கூப்பிடு, மறுக்க மாட்டார் என்று நினைக்கிறேன். அண்ணனிடமும் இந்தக் கடிதத்தைப் படித்துக் காட்டு.

சின்னவள் பெரியம்மாவுக்கு வணக்கம் சொல்லச் சொன்னாள். நோட்டீஸ் கொடுத்த தேதியை எனக்கு உடனே தெரியப்படுத்து. முப்பது நாள் கணக்கு வைத்து டிக்கெட் போடுகிறேன். அதே அரக்குப் பட்டைத்தான் கட்டிக்கொண்டு வருவேன்.

உன் பழைய
ஹாஸ்டல் அறைத்தோழி